மலையே இல்லாத மாவட்டமா எங்கள் புதுக்கோட்டை?

"உங்க ஊர்ல மலையே கிடையாதேடி..."

விடுதியில் என் அறைத்தோழி நீலகிரிக்காரி. ஊர்ப்பேச்சு வரும்போதெல்லாம் இந்த ஒரு வரியை எடுத்து வீசுவாள். நானும் விடுவதில்லை. புதுக்கோட்டைப் பேருந்து நிலையத்தில் நின்று பேருந்துகளின் ஊர்ப்பலகையை மட்டும் படித்துப் பார் என்பேன். விராலிமலை, குடுமியான்மலை, நார்த்தாமலை, தேனிமலை, குமரமலை, மலையடிப்பட்டி, மலையக்கோயில்... பெயரில் மலை இல்லாமலே மலை இருக்கும் சித்தன்னவாசலும் திருமயமும் தனிக் கணக்கு. இத்தனை மலையைப் பெயரில் சுமக்கும் மாவட்டத்துக்கா மலை இல்லை?

"பேர் இருந்தா போதுமா? உயரம் சொல்லு" என்பாள்.

உயரம் என்று வந்தால் நாம் கொஞ்சம் அடக்கி வாசிக்க வேண்டியதுதான் :-) அவள் ஊர் தொட்டபெட்டா 2637 மீட்டர். சித்தன்னவாசல் குன்று தரையிலிருந்து சுமார் 70 மீட்டர். தொட்டபெட்டாவுக்குச் சமமாக நிறுத்த வேண்டுமென்றால் ஏறக்குறைய முப்பத்தெட்டு சித்தன்னவாசல்களை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்க வேண்டும். கிரேக்கப் புராணத்தில் கடவுளர்கள் வாழ்ந்ததாகச் சொல்லும் ஒலிம்பஸ் மலை ஏறக்குறைய 2918 மீட்டர். அதன் பக்கத்தில் எங்கள் மலைகளை வைத்தால் சரளைக்கல் மாதிரித்தான் தெரியும்.

ஆனால் ஒரு மலைக்கு உயரத்தைத் தவிர வேறு கணக்கே கிடையாதா? அதைப் பேசத்தான் இந்தக் கட்டுரை. பொறுமையாகப் படியுங்கள், கடைசியில் உங்களிடம் ஒரு வேலையும் சொல்லப்போகிறேன்.

முதலில் வயது. இமயமலை எழும்பத் தொடங்கி ஏறத்தாழ ஐந்து கோடி ஆண்டுகள் ஆகின்றன என்கிறார்கள். ஐரோப்பாவின் ஆல்ப்ஸ் மலையும் அதே தலைமுறைதான். எங்கள் குன்றுகளின் பாறை குறைந்தது ஐம்பது கோடி ஆண்டுப் பழமையானது. அதாவது இமயமலைக்கு எங்கள் பாறை கொள்ளுத் தாத்தாவுக்கும் மேலே.

உருவான விதமும் வேறு. இமயம் இரண்டு நிலத்தட்டுகள் முட்டிக்கொண்டதால் மேலே எழும்பியது. புதுக்கோட்டையில் அப்படி எதுவும் எழும்பவில்லை. பூமிக்கு அடியில் பல கிலோமீட்டர் ஆழத்தில், பெரும் சூட்டிலும் அழுத்தத்திலும் உருவான பாறை இது. அதற்கு மேலே இருந்ததெல்லாம் கோடிக்கணக்கான ஆண்டுகளாக மழையிலும் வெயிலிலும் கரைந்து கடலுக்குப் போய்விட்டது. விரிசல் அதிகமாக இருந்த இடங்களில் தண்ணீர் இறங்கிப் பாறை மக்கி மண்ணாகிவிட்டது. விரிசல் இல்லாமல் கெட்டியாக இருந்த இடங்கள் மட்டும் மக்காமல் நின்றன. சுற்றியிருந்த நிலம் இறங்க இறங்க, அவை குன்றுகளாகத் தெரிய ஆரம்பித்தன. சுருக்கமாகச் சொன்னால் எங்கள் மலைகள் எழும்பி வந்தவை அல்ல, மிஞ்சி நிற்பவை.

நார்த்தாமலைக்குப் போயிருக்கிறீர்களா? பாறைகளெல்லாம் யானை முதுகு மாதிரி வழுவழுவென்று உருண்டிருக்கும். மேலிருந்த பாரம் குறைந்ததும் பாறை மெல்ல விரிந்து, வெங்காயத் தோல் மாதிரி அடுக்கடுக்காக உரிகிறது. கூர்மையான மூலைகள் உதிர்ந்து, வளைந்த முதுகு மட்டும் மிஞ்சுகிறது. மேற்குப் பக்கம் விராலிமலை, குளத்தூர், இலுப்பூர், திருமயம், பொன்னமராவதி வட்டாரங்களில் இந்தக் குன்றுகளைப் பார்க்கலாம். கிழக்கே ஆலங்குடி, அறந்தாங்கி பக்கம் போனால் செம்புராங்கல்லும் மணலும்தான். அப்படியே மணமேல்குடியில் பாக் நீரிணைக் கடலைத் தொட்டுவிடலாம். ஆவுடையார்கோயிலின் கொடுங்கைகளை ஊரே வியந்து பார்க்கிறதல்லவா? அந்தக் கோயில் நிற்பது கல்மலை இல்லாத அந்தக் கிழக்குச் சமவெளியில். அவ்வளவு கருங்கல்லையும் எங்கிருந்தோ வண்டி கட்டி இழுத்துத்தான் வந்திருக்க வேண்டும்!

அடுத்த கணக்கு, மனிதர்கள் அந்தப் பாறைகளில் என்ன செய்தார்கள் என்பது.

சித்தன்னவாசல் குன்றின் மேலே ஏழடிப்பட்டம் என்று ஒரு குகைத்தளம் உண்டு. பாறையில் வெட்டிய படிகளைப் பிடித்துக்கொண்டு நெஞ்சு படபடக்கப் போக வேண்டும். உள்ளே பதினேழு கற்படுக்கைகள். சமண முனிவர்கள் படுத்துத் தவமிருந்த இடம். தலையணைக்குக்கூடக் கல்லையே மேடாக்கி வைத்திருக்கிறார்கள். அங்குள்ள தமிழ்ப் பிராமிக் கல்வெட்டைக் கி.மு. காலத்தது என்று ஆய்வாளர்கள் கணிக்கிறார்கள். குன்றின் மேற்குச் சரிவில் இருக்கும் அறிவர்கோயிலின் விதானத்தில் தாமரைக் குளம் ஓவியம். 9ஆம் நூற்றாண்டில், பாண்டியர் காலத்தில், மதுரையைச் சேர்ந்த இளங்கௌதமன் என்னும் சமண ஆசிரியர் இந்தக் கோயிலைப் புதுப்பித்ததாக அங்கேயே கல்வெட்டு இருக்கிறது.

நார்த்தாமலையில் ஒன்பது குன்றுகள். மேலமலை, கடம்பர்மலை, ஆளுருட்டிமலை, பொம்மைமலை, பொன்மலை என்று ஒவ்வொன்றுக்கும் பெயர் உண்டு. மேலமலையில் விஜயாலய சோழீஸ்வரம். அதற்கு எதிரே சமணர் குடகு. (எங்கள் பக்கத்தில் குகையைக் குடகு என்போம்.) பெயர் சமணர் குடகு, உள்ளே போனால் பன்னிரண்டு விஷ்ணு உருவங்கள் வரிசையாக நிற்கின்றன! சமயம் மாறியிருக்கிறது, ஊர்க்காரர்கள் வாயில் பழைய பெயர் மட்டும் மாறவில்லை. நகரத்தார் மலை என்பதே நார்த்தாமலை ஆயிற்று என்கிறார்கள். வணிகக் குழுவினர் செழித்திருந்த ஊர். சஞ்சீவி மலையை அனுமன் தூக்கிக்கொண்டு போகும்போது சிதறிய துண்டுகள்தான் இந்தக் குன்றுகள் என்று ஊரில் கதை சொல்வார்கள். நிலவியல் ஒத்துக்கொள்ளாது. ஆனால் சமவெளி நடுவே திடீர் திடீரென்று முளைத்த மாதிரி நிற்கும் பாறைகளைப் பார்த்துவிட்டு வேறு எப்படித்தான் யோசிப்பது?

குடுமியான்மலையில் இசைக் கல்வெட்டு. 7ஆம் நூற்றாண்டு என்று சொல்லப்படும், கிரந்த எழுத்தில் ஏழு பகுதிகளாகப் பொறித்த சுரக்கோவைகள். யோசித்துப் பாருங்கள், பாட்டு நோட்டு எழுத ஒரு மலை! அதே மலையின் மேலே பாறை முகத்தில் அறுபத்து மூன்று நாயன்மார்களும் வரிசையாக நிற்கிறார்கள். திருமயத்தில் ஒரே பாறையைக் குடைந்து சிவனுக்கும் பெருமாளுக்கும் பக்கத்துப் பக்கத்தில் கோயில்கள், அதே பாறைமேல் 1687இல் சேதுபதி கட்டிய கோட்டை. விராலிமலையில் முருகன் கோயில், மயில்கள், சதிராட்டம். அந்தச் சதிர் மரபைக் கடைசிவரை காத்துநின்ற விராலிமலை முத்துக்கண்ணம்மாளுக்கு 2022இல் பத்மஸ்ரீ கிடைத்தது.

ஆக எங்கள் ஊரில் மலை என்பது ஏறி நின்று கொடி நடுகிற உச்சி கிடையாது. படுக்கிற இடம், எழுதுகிற பலகை, கோயில், கோட்டை, மேடை எல்லாமே அதுதான்.

மூன்றாவது கணக்கு தண்ணீர். இது பலரும் கவனிக்காதது.

மொட்டைப் பாறையில் பெய்கிற மழை உள்ளே இறங்காது. விழுந்த தண்ணீரில் பெரும்பகுதி அப்படியே வழிந்து அடிவாரத்துக்கு வந்துவிடும். காய்ந்த செம்மண்ணில் சிறு தூறல் விழுந்தால் மண்ணே குடித்துவிடும். பாறையில் அதே தூறல் விழுந்தால் ஓடிவரும். அதனால்தான் பாறை அடிவாரத்தில் எங்காவது ஒரு ஊருணியோ குளமோ வெட்டியிருப்பார்கள். அங்கிருக்கும் கிணறுகளில் கோடையிலும் கொஞ்சம் ஈரம் நிற்கும். மேலே பாறைப் பள்ளங்களில் சுனைகள். சித்தன்னவாசலில் நாவற்சுனை, நார்த்தாமலை மேலமலையில் தலையருவிச் சிங்கம். இரண்டு சுனையிலும் தண்ணீருக்கு அடியில் குடைவரை லிங்கம் இருக்கிறது. காவிரி எட்டாத வறண்ட மேற்குப் பக்கத்துக் கிராமங்கள் ஆயிரக்கணக்கான கண்மாய், குளங்களை நம்பித்தான் பிழைத்தன. அந்தக் குளங்களில் எத்தனைக்கு ஒரு பாறை தண்ணீர் அனுப்பியது என்று யாராவது எண்ணிப் பார்க்க வேண்டும்.

சரி, இனி விஷயத்துக்கு வருவோம்.

நான் இதுவரை சொன்ன மலைகளுக்கெல்லாம் ஒரு கோயிலோ கல்வெட்டோ ஓவியமோ இருக்கிறது. அதனால் அவற்றுக்கு ஒரு பாதுகாப்பும் இருக்கிறது. தொல்லியல் துறையின் பச்சையோ நீலமோ ஒரு பலகை, ஒரு கம்பி வேலி. மத்திய அரசின் பாதுகாக்கப்பட்ட சின்னம் என்றால் 2010ஆம் ஆண்டுச் சட்டத் திருத்தத்தின்படி அதைச் சுற்றி 100 மீட்டர் தடைசெய்யப்பட்ட பகுதி, அதற்கு அப்பால் இன்னும் 200 மீட்டர் கட்டுப்படுத்தப்பட்ட பகுதி.

கோயில் இல்லாத பாறைக்கு? முனிவர் யாரும் வந்து படுக்காத பாறைக்கு? வருவாய்த்துறைக் கணக்கில் அது கல்லாங்குத்துப் புறம்போக்கு. அவ்வளவுதான்.

எங்கள் ஊர் குளத்தூருக்கும் இலுப்பூருக்கும் நடுவில் ஒரு சின்ன கிராமம். ஊருக்கு வடக்கே ஒரு பாறை இருந்தது. வெளியூர்க்காரர்களுக்கு அது பாறை, எங்களுக்கு எள்ளுப்பாறை. அறுவடைக்குப் பிறகு ஊரே எள்ளும் வரகும் புளியும் அங்கேதான் காயப்போடும். பெரிய கல்வெட்டு எதுவும் கிடையாது. ஒரு ஓரத்தில் பழைய காலத்துக் கல்தச்சர்கள் ஆப்பு அடிக்க வெட்டிய சின்னச் சின்னக் குழிகள் மட்டும் தையல் போட்ட மாதிரி வரிசையாக இருக்கும். கீழே ஒரு ஊருணி. என் அப்பாயி ஆடு மேய்த்த காலத்தில் பாறைக் குழியில் தேங்கிய தண்ணீரைத்தான் குடித்தாராம். "அந்தத் தண்ணி சில்லுனு இருக்கும் ஆத்தா, ஒங்க பிரிட்ஜு தண்ணியெல்லாம் கிட்ட நிக்க முடியாது" என்பார்.

அந்தப் பாறையை இப்போது கிட்டத்தட்டக் காணோம். கல்குவாரி வந்து, க்ரஷர் வந்து, பாறை ஜல்லியாகவும் எம்.சாண்டாகவும் லாரி ஏறிவிட்டது. குன்று தரைமட்டமானதோடு வேலை நிற்கவில்லை. கீழே நோண்டிக்கொண்டே போனார்கள். இப்போது அங்கே ஒரு பள்ளம், பல ஆள் ஆழம். அக்கம்பக்கத்து நிலத்தடி நீர் அந்தப் பள்ளத்தில் ஊறி வருகிறது. வேலை நடக்க வேண்டுமென்றால் அதை மோட்டார் வைத்து இறைத்து வெளியே விட வேண்டும். பக்கத்துக் கிணறுகளில் தண்ணீர் இறங்கிவிட்டது. மேலிருந்து தண்ணீர் அனுப்பிய பாறையும் இல்லை, கீழே தேங்கி நின்ற தண்ணீரும் இல்லை. ஊருணியில் கருவேலம் முளைத்திருக்கிறது.

இதைப் படித்துவிட்டு "குவாரிக்காரன் ஒழிக" என்று கோஷம் போட்டுவிட்டு நான் போய்விட முடியாது. ஏனென்றால் என் தாத்தா சம்மட்டியால் ஜல்லி உடைத்தவர். என் அப்பா ஒரு க்ரஷரில் எடை போடும் இடத்தில் வேலை பார்க்கிறார். நான் படிக்கிற கல்லூரிக் கட்டணத்தில் எள்ளுப்பாறைக்கும் ஒரு பங்கு உண்டு. மானாவாரி விவசாயத்தை நம்பி இருந்திருந்தால் எங்கள் வீட்டிலிருந்து ஒரு பெண் பிள்ளை விடுதியில் தங்கிப் படிக்க வந்திருப்பாளா என்பதே சந்தேகம்.

ஒருமுறை அப்பாவிடமே கேட்டேன். "ஏம்ப்பா, அந்தப் பாறையை விட்டு வச்சிருக்கலாம்ல?"

"ஏம்மா, பாறையை வச்சுக்கிட்டு என்ன செய்ய? ஒங்க காலேஜ் கட்டடம் எதுல கட்டுனதாம், காத்துலயா?" என்றார்.

நியாயமான கேள்வி. விடுதிச் சுவர், ஊர்ச்சாலை, பாலம் எல்லாமே யாரோ ஒருவருடைய மலைதான். தஞ்சைப் பெரிய கோயிலுக்கே நார்த்தாமலைப் பக்கத்திலிருந்து கல் போனதாகப் பலர் எழுதியிருக்கிறார்கள். கல் வெட்டவே கூடாது என்று சொல்ல எனக்கு உரிமை இல்லை. ஆனால் உளியும் ஆப்பும் வைத்துத் தலைமுறை தலைமுறையாக வெட்டியும் தீராத பாறை, வெடி வைத்து இயந்திரம் கொண்டு வெட்டினால் சில வருடங்களில் தீர்ந்துவிடுகிறது. மிஞ்சி நிற்பவை என்று மேலே சொன்னேனே, அதற்கு இதுதான் அர்த்தம். மரத்தை வெட்டினால் நடலாம். ஆற்று மணலை அள்ளினால்கூட வெள்ளம் கொஞ்சம் கொண்டுவரும். பாறைக்கு மறுபடி முளைக்கத் தெரியாது. வெட்டுவதா வேண்டாமா என்பதைவிட, எதை வெட்டுவது, எதை விடுவது என்று யார் முடிவு செய்கிறார்கள் என்பதுதான் என் கேள்வி.

இங்கே கிரேக்க நாட்டுக்கு ஒரு நடை போய்விட்டு வருவோம். ஒலிம்பஸுக்கு அல்ல, மெட்டியோராவுக்கு. சமவெளி நடுவே தூண் தூணாக நிற்கும் பாறைகள், அவற்றின் உச்சியில் மடாலயங்கள். 11ஆம் நூற்றாண்டு வாக்கில் துறவிகள் அந்தப் பாறைப் பொந்துகளில் தங்க ஆரம்பித்தார்கள், 14ஆம் நூற்றாண்டிலிருந்து மடாலயங்கள் எழுந்தன. நம் ஏழடிப்பட்டத்து முனிவர்கள் அவர்களுக்கு ஆயிரம் ஆண்டுக்கு மேல் சீனியர் :-) ஆனால் நான் சொல்ல வந்தது அதுவல்ல. 1988இல் யுனெஸ்கோ மெட்டியோராவை உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தபோது மடாலயங்களை மட்டும் சேர்க்கவில்லை. பண்பாடு, இயற்கை இரண்டுக்குமான கலப்புச் சின்னமாக, அந்தப் பாறைகளையும் சேர்த்தே அறிவித்தது. கட்டடத்துக்கு எவ்வளவு மதிப்போ அதைச் சுமக்கும் பாறைக்கும் அவ்வளவு மதிப்பு. நம் ஊரில் பாறைக்கு மதிப்பு வர அதன்மேல் யாராவது எதையாவது செதுக்கியிருக்க வேண்டியிருக்கிறது.

நம் பக்கத்திலும் வேறு மாதிரி நடக்க முடியும் என்பதற்கு மதுரை மாவட்டத்து அரிட்டாபட்டி சாட்சி. அங்கே குடைவரையும் சமணப் படுக்கையும் மட்டுமல்ல, ஏழு குன்றுகளும் சுனைகளும் பறவைகளும் சேர்ந்த நிலப்பரப்பையே 2022இல் தமிழ்நாட்டின் முதல் பல்லுயிர்ப் பாரம்பரியத் தலமாக அறிவித்தார்கள். 2024இல் அந்தப் பகுதியையும் உள்ளடக்கி டங்ஸ்டன் சுரங்க ஏலம் விடப்பட்டது. சுற்றுவட்டாரக் கிராமங்கள் திரண்டு எழுந்தன. 2025 ஜனவரியில் மத்திய அரசு ஏலத்தை ரத்து செய்தது. அந்த ஊர்க்காரர்களுக்கு எந்தப் பாறையின் பெயர் என்ன, எந்தச் சுனைத் தண்ணீர் எந்தக் குளத்துக்குப் போகிறது என்று தெரிந்திருந்தது. அதனால் பேச முடிந்தது.

அதே 2025 ஜனவரியில் எங்கள் மாவட்டத்தில் திருமயம் பக்கத்தில் இன்னொன்றும் நடந்தது. சட்டவிரோதக் கல்குவாரிகள் குறித்துத் தொடர்ந்து மனுக்கொடுத்து வந்த ஒருவர் டிப்பர் லாரி மோதி இறந்தார். போலீஸ் அதைக் கொலை வழக்காகப் பதிவு செய்து சிலரைக் கைது செய்தது, பிறகு வழக்கு சி.பி.சி.ஐ.டி.க்குப் போனது. செய்தி வந்த அன்று அப்பா சரியாகச் சாப்பிடவில்லை. ஒன்றும் பேசவும் இல்லை. ஒரு மனிதர் தனியாக மனுக்கொடுத்தால் அவர் தனியாகத்தான் நிற்க வேண்டியிருக்கிறது. ஊரே சேர்ந்து பெயர் சொல்லிக் கேட்டால் கதை வேறு. இரண்டு மாவட்டங்களுக்கும் நடுவில் நான் பார்க்கிற வித்தியாசம் இதுதான்.

அதனால்தான் ஒரு சின்ன வேலையைத் தொடங்கியிருக்கிறேன். பெரிய போராட்டம் எல்லாம் இல்லை. எங்கள் சுற்றுவட்டாரத்தில் இருக்கிற, இருந்த ஒவ்வொரு பாறைக்கும் ஊர்க்காரர்கள் என்ன பெயர் சொல்கிறார்கள், மேலே சுனை உண்டா, தண்ணீர் எந்தக் குளத்துக்குப் போகிறது, இப்போது பாறை முழுதாக இருக்கிறதா, பாதியா, பள்ளமா என்று ஒரு நோட்டில் எழுதி வருகிறேன். கோயில் உள்ள மலைகளுக்குச் சமஸ்தான காலத்திலிருந்தே புத்தகங்கள் இருக்கின்றன. எள்ளுப்பாறைகளுக்கு எழுத ஆள் இல்லை. குவாரிக்கு ஏலம் விடும் முன் கிராமசபையில் எழுந்து "இந்தப் பாறையை விட்டுவிடுங்கள், இதன் தண்ணீர் அந்த ஊருணிக்குப் போகிறது, வேண்டுமானால் தண்ணீர் தராத அந்தப் பாறையை எடுத்துக்கொள்ளுங்கள்" என்று சொல்ல வேண்டுமானால் முதலில் நம் கையில் பட்டியல் வேண்டும். பெயர் தெரியாததைக் காப்பாற்றச் சொல்லி யாரிடம் கேட்பது?

இதுவரை பதினான்கு பெயர்கள் சேர்ந்திருக்கின்றன. அப்பாயி சொன்னது ஆறு. மீதியில் ஐந்து, சொன்னால் நம்பமாட்டீர்கள், அப்பா சொன்னது. எந்தப் பாறையில் கல் எப்படி இருக்கும், எங்கே வெடித்தால் எங்கே கிணறு வற்றும் என்று அவருக்கு அத்தனையும் தெரிந்திருக்கிறது. அவர் சொன்ன ஐந்தில் இரண்டுக்கு எதிரே 'பள்ளம்' என்று எழுதியிருக்கிறேன்.

நான் சொன்ன வேலை இதுதான். புதுக்கோட்டைக்காரர்களாக இருந்தால் மட்டுமல்ல, எந்த ஊர்க்காரர்களாக இருந்தாலும் சரி, அடுத்த முறை ஊருக்குப் போகும்போது வீட்டில் உள்ள பெரியவர்களிடம் பக்கத்துப் பாறையின் பெயரைக் கேளுங்கள். பாட்டியிடம் கேளுங்கள். கல் உடைத்தவர்களிடமும் மறக்காமல் கேளுங்கள். கேட்டதை, அவர்கள் சொன்ன மாதிரியே, எழுதி வையுங்கள்.